சிங்கப்பூரிலிருந்து மரீனர்ஸ் ஆட்டம் பார்க்க எம்எல்பி டிவி போதுமா?

போதும். முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இதற்காக கேபிள் பெட்டி வாங்கலாமா, விபிஎன் போடலாமா என்று கேட்பவர்கள் நிறையப் பேர். இரண்டும் வேண்டாம். சிங்கப்பூரில் உட்கார்ந்துகொண்டு ஓர் அமெரிக்க பேஸ்பால் அணியை மார்ச் கடைசியிலிருந்து அக்டோபர் வரைக்கும் பின்தொடர, மேஜர் லீக் பேஸ்பால் ஆட்டங்களை இணையத்தில் காட்டும் எம்எல்பி டிவி சந்தா ஒன்று இருந்தால் கிட்டத்தட்ட எல்லாம் முடிந்தது. இதில் வேடிக்கை என்னவென்றால், அந்த அணியின் சொந்த ஊரில் குடியிருப்பவர்களைவிட நமக்குத்தான் இது சுலபம்.

என் அக்கா குடும்பம் சியாட்டல் பக்கம் இருக்கிறது. சியாட்டல் மரீனர்ஸ் அணி என் தலையில் ஏறியதும் அவளால்தான். ஆனால் அவள் வீட்டில் எம்எல்பி டிவிக்குக் காசு கட்டினாலும் மரீனர்ஸ் ஆட்டம் நேரலையில் வராது. அமெரிக்காவில் ஒவ்வோர் அணிக்கும் ஒரு வட்டாரம் பிரித்துக் கொடுத்திருக்கிறார்கள், அந்த வட்டாரத்தில் ஒளிபரப்பும் உரிமை உள்ளூர்த் தொலைக்காட்சிக்கு விற்கப்பட்டிருக்கும், அதனால் அங்கே இருப்பவர்களுக்கு இணையத்தில் அதே ஆட்டத்தை மறைத்துவிடுவார்கள். பிளாக்அவுட் என்பது இதுதான். 2025 வரை சியாட்டலில் அந்த உள்ளூர் அலைவரிசை ரூட் ஸ்போர்ட்ஸ். அயோவா மாநிலத்துக்காரர்கள் பாடு இன்னும் மோசம்: அங்கே சொந்தமாக ஒரு பெரிய லீக் அணிகூடக் கிடையாது, ஆனால் சுற்றியுள்ள ஆறு அணிகளின் வட்டாரத்துக்குள் மாட்டிக்கொண்டதால் ஆறு அணிகளின் ஆட்டமும் மறைப்பு. சிகாகோவின் இரண்டு அணிகள், செயின்ட் லூயிஸ், கன்சாஸ் சிட்டி, மின்னசோட்டா, மில்வாக்கி, அத்தனையும் போயிற்று. அக்காவிடம் நான் காலையில் என் திரையைப் படம் பிடித்து அனுப்பியபோது, "என்னடா, பதிமூவாயிரம் கிலோமீட்டர் தள்ளி உனக்கு வருது, பக்கத்துல இருக்கிற எனக்கு வரலயா?" என்று கேட்டாள். அவளுக்கு நான் என்ன சொல்ல?

சிங்கப்பூர் எந்த அணியின் வட்டாரத்திலும் இல்லை. அதனால் பிளேஆஃபுக்கு முந்தைய வழக்கமான பருவத்தில் (பிளேஆஃப் என்பது பருவ முடிவில் தகுதிபெற்ற அணிகள் மட்டும் மோதும் சுற்று) உள்ளூர் மறைப்பு என்ற தொல்லையே நமக்குக் கிடையாது. விபிஎன் போட்டு அமெரிக்காவில் இருப்பதாகக் காட்டிக்கொண்டால் இல்லாத தொல்லையை நாமே விலைக்கு வாங்கியதாகிவிடும். இன்னொன்று: மறைப்பு நீங்கள் இருக்கும் இடத்தைப் பார்த்து வருவது, எங்கே கணக்கு திறந்தீர்கள் என்பதைப் பார்த்து அல்ல. ஜூன் பள்ளி விடுமுறைக்குப் பிள்ளைகளோடு சியாட்டல் போனால் உங்கள் சிங்கப்பூர்ச் சந்தாவிலும் மரீனர்ஸ் நேரலை நின்றுவிடும், ஆட்டம் முடிந்து சுமார் ஒன்றரை மணி நேரம் கழித்துத்தான் பதிவு திறக்கும்.

இங்கேயுள்ள தொலைக்காட்சியில் தேடலாமே என்றால், தேடிப் பாருங்கள், ஆனால் இங்கு விளையாட்டுப் பொதி என்றால் விற்பனையே இங்கிலீஷ் பிரிமியர் லீக் காற்பந்தை வைத்துத்தான். முன்பு ஃபாக்ஸ் ஸ்போர்ட்ஸ் அலைவரிசைகள் இருந்தன, 2021 அக்டோபரோடு தென்கிழக்காசியாவில் அவற்றை மூடிவிட்டார்கள். ஒரு குறிப்பிட்ட அணியை அது தோற்றாலும் ஜெயித்தாலும் தினமும் பார்க்க வேண்டும் என்பவருக்கு எந்தத் தொலைக்காட்சிப் பொதியும் ஒத்துவராது. ஓர் அணிக்கு 162 ஆட்டம், 30 அணிகள், எந்த அலைவரிசை அத்தனையையும் தாங்கும்? ஆற்றோரத்து விளையாட்டு பார்களை நம்பிப் பயனில்லை. நான் விசாரித்த ஒரு பாரில் அந்தத் தம்பி மிகவும் பணிவாக, "அண்ணே, நாங்க திறக்கிறதே சாயந்திரம்தான்" என்றார். நியாயம்தான், நம் நேரத்துக்கு ஆட்டம் காலையில் நடந்தால் அவர் என்ன செய்வார்?

நேரம்தான் இந்த விஷயத்தில் முக்கால்வாசி. ஐபிஎல் இரவு ஆட்டம் இங்கே பத்து மணிக்குத் தொடங்கும், முடியும்போது நள்ளிரவு தாண்டிவிடும், மறுநாள் அலுவலகத்தில் கண் சிவந்து கிடப்போம். பேஸ்பால் அப்படியே தலைகீழ். பருவம் முழுக்க நியூயார்க் நேரத்துக்கும் நமக்கும் சரியாக 12 மணி நேரம் வித்தியாசம். அங்கே மாலை 7:05 என்றால் இங்கே மறுநாள் காலை 7:05, கணக்குப் போடவே வேண்டாம். சியாட்டல், லாஸ் ஏஞ்சலிஸ் எல்லாம் 15 மணி நேரம் பின்னால், ஆகவே அங்கே மாலை 6:40க்குத் தொடங்கும் ஆட்டம் இங்கே காலை 9:40.

இதனால்தான் புதிதாக வருபவர்களுக்கு நான் சொல்வது, அணியைத் தேர்ந்தெடுக்குமுன் உங்கள் வேலை நேரத்தைப் பாருங்கள் என்பதே. செங்காங்கிலிருந்தோ பொங்கோலிலிருந்தோ எம்ஆர்டி ஏறி நகருக்கு வருகிறவர் என்றால் நியூயார்க், பாஸ்டன், டொராண்டோ போன்ற கிழக்குக் கரை அணிகள் வசதி: ரயிலில் இரண்டு மூன்று இன்னிங்ஸ், அப்புறம் மேசைக்குப் போகும்வரை காதில் வானொலி வர்ணனை. ஷிப்டு வேலை, வீட்டிலிருந்து வேலை, ஓய்வு பெற்றவர்கள் என்றால் மேற்குக் கரை. வேலை நாளில் காலை பத்து மணிக்கு லாஸ் ஏஞ்சலிஸ் டாட்ஜர்ஸ் ஆட்டம் பார்ப்பதற்கு எந்த மேலாளரும் அனுமதிக்கப் போவதில்லை, அந்த அணியின் ஜப்பானிய நட்சத்திரம் ஒட்டானிக்காகச் சந்தா போட்ட என் நண்பர்கள் பலருக்குப் பிரச்சினையே இதுதான். மரீனர்ஸ் பிடித்துத் தொலைத்த எனக்கும் அதே கதிதான், வார நாளில் பெரும்பாலும் பதிவுதான். ஆனால் சனிக்கிழமை காலை இருக்கிறதே, அதற்கு ஈடில்லை. அங்கே வெள்ளி இரவு, இங்கே வாரவிடுமுறை, தேக்கா சந்தைக்குப் போய் மீன் வாங்கி வந்து தோசை ஊற்றும் நேரத்தில் முதல் பந்து. ஞாயிற்றுக்கிழமை அங்கே பகல் ஆட்டம் என்பதால் அது நமக்குத் திங்கள் அதிகாலை, அதைக் கைகழுவிவிடுங்கள்.

சாயந்திரம் பேஸ்பால் பார்க்கும் பாக்கியம் அபூர்வமாகத்தான் வரும், ஜப்பானிலோ கொரியாவிலோ பருவத்தைத் தொடங்கினால் மட்டும். 2019 மார்ச் 21 அன்று டோக்கியோ டோமில் ஜப்பானிய நட்சத்திரம் இச்சிரோ மரீனர்ஸ் சட்டையில் விடைபெற்றது அப்படியொரு மாலையில். 2025 மார்ச்சில் டாட்ஜர்ஸும் சிகாகோ கப்ஸும் அங்கே ஆடினார்கள், நமக்கு மாலை ஆறேகாலுக்கு முன்பே தொடங்கிவிட்டது, வேலை முடிந்து வந்தவர்கள் நிம்மதியாகப் பார்த்தார்கள்.

சரி, செயலிக்கு வருவோம். கைப்பேசி, கணினி, ஆப்பிள் டிவி பெட்டி, ஆண்ட்ராய்டு தொலைக்காட்சி எல்லாவற்றிலும் ஓடும். ஒவ்வோர் ஆட்டத்துக்கும் உள்ளூர் அணியின் ஒளிபரப்பு, விருந்தாளி அணியின் ஒளிபரப்பு என்று இரண்டில் எது வேண்டுமோ எடுத்துக்கொள்ளலாம். எதிரணி வர்ணனையாளர் புலம்புவதைக் கேட்பதில் ஒரு தனி சுகம் இருக்கிறது, வேண்டுமானால் முயன்று பாருங்கள். படத்தின் மேல் வானொலிக் குரலை ஓடவிடும் வசதியும் உண்டு, நான் பெரும்பாலும் அதைத்தான் வைப்பேன், 1983இல் மரீனர்ஸ் வர்ணனைக்கு வந்த ரிக் ரிஸ்ஸின் குரல் கேட்டால்தான் அது மரீனர்ஸ் ஆட்டம். இன்னிங்ஸ் இடைவெளி சிலருக்கு எரிச்சல், எனக்குப் பாத்திரம் கழுவ நேரம்.

பதிவு பார்ப்பவர்களுக்கு இரண்டு விஷயம் முக்கியம். ஒன்று, ஸ்கோரை மறைக்கும் அமைப்பு. செயலியைத் திறந்ததும் முதல் வேலையாக அதைப் போட்டுவிடுங்கள், அறிவிப்புகளையும் அணைத்துவிடுங்கள், பிறகு குடும்ப வாட்ஸ்அப் குழுவையும் மௌனமாக்குங்கள், ஏனென்றால் அக்காமார்களுக்கு எந்த அமைப்பும் கிடையாது. இரண்டு, சுருக்கப் பதிவு. பந்துகளுக்கு நடுவேயுள்ள காத்திருப்பையெல்லாம் வெட்டிவிட்டு முக்கியமானதை மட்டும் தருவார்கள், மதியச் சாப்பாட்டு இடைவேளைக்குள் ஓர் ஆட்டம் முடிந்துவிடும். முழு ஆட்டமே இப்போது பழையபடி இழுப்பதில்லை. 2023இல் பிட்ச் கடிகாரம் வைத்தார்கள், பேஸ்களில் எதிரணி ஓட்டக்காரர் யாரும் இல்லை என்றால் 15 விநாடிக்குள் பந்து போட வேண்டும். 2022இல் மூன்று மணி நேரத்துக்கு மேல் போன சராசரி ஆட்டம் அடுத்த ஆண்டே 2 மணி 40 நிமிடத்துக்கு இறங்கியது. "பேஸ்பாலா, அது ஆமை வேகம்" என்று இன்னமும் சொல்கிறவர்கள் கடைசியாக எப்போது பார்த்தார்கள் என்று கேளுங்கள்.

ஒரே சந்தாவில் எல்லாமே என்றும் சொல்ல முடியாது. வெள்ளி இரவு ஆட்டங்களில் இரண்டை 2022 முதல் ஆப்பிள் டிவி தனக்கென எடுத்துக்கொண்டது. சனிக்கிழமை காலை எழுந்து மரீனர்ஸைத் தேடும்போது அட்டவணையில் அந்த ஆப்பிள் சின்னம் இருக்கிறதா என்று முந்தின நாளே பார்த்து வைப்பது நல்லது. அமெரிக்காவுக்குள் இந்தக் குழப்பம் பத்து மடங்கு: ஃபாக்ஸ், டிபிஎஸ், ஆப்பிள், 2026 முதல் என்பிசி, நெட்ஃபிளிக்ஸ் என்று ஆளுக்கொரு துண்டு. அங்கே எம்எல்பி டிவியை விற்கும் பொறுப்பே இப்போது ஈஎஸ்பிஎன் கைக்குப் போய்விட்டது. அமெரிக்கச் செய்தியைப் படித்துவிட்டு நம் சந்தாவும் அப்படியோ என்று பதறாதீர்கள், எந்த நாட்டுக்காரருக்கு எழுதியது என்று பார்த்துப் படியுங்கள்.

விலை. 2025 பருவத்துக்கு அமெரிக்காவில் அறிவித்தது 149.99 அமெரிக்க டாலர், நம் காசுக்கு ஏறக்குறைய 200 வெள்ளி. 162 ஆட்டத்துக்கு வகுத்துப் பார்த்தால் ஓர் ஆட்டம் ஒரு கோப்பி ஓ விலைக்கு வருகிறது. ஆனால் பணம் கட்டும் பக்கத்தில் நம் நாட்டுக்கு என்ன தொகை காட்டுகிறது என்று பாருங்கள், வெளிநாட்டு மின்னிலக்கச் சேவைகளுக்கு 2020 முதல் பொருள் சேவை வரி உண்டு, இப்போது அது 9 விழுக்காடு. வங்கிக் கடன் அட்டையில் அந்நிய நாணயக் கட்டணமும் தனியாக ஏறும், யூட்ரிப், வைஸ் மாதிரி பன்னாணய அட்டையில் கட்டினால் அது மிச்சம். இன்னொரு சங்கதி, சந்தா ஆண்டுதோறும் தானாகவே புதுப்பித்துக்கொள்ளும். வேண்டாம் என்றால் பருவம் தொடங்குமுன் கணக்குக்குள் போய் அதை நிறுத்திவைக்க வேண்டும், சீனப் புத்தாண்டு முடிந்ததும் ஒரு தடவை எட்டிப் பார்ப்பது என் வழக்கம்.

காசுக்கு உண்மையான பலன் அக்டோபரில். அமெரிக்கர்களின் எம்எல்பி டிவி சந்தாவில் பிளேஆஃப் நேரலை பார்க்கக் கட்டணத் தொலைக்காட்சிக் கணக்கும் வேண்டும், வெளிநாட்டுச் சந்தாதாரர்களுக்கு அந்தத் தடை இல்லை. 2025 அக்டோபர் 11, சனிக்கிழமை காலை எட்டு மணி சுமாருக்கு மரீனர்ஸ், டெட்ராய்ட் டைகர்ஸ் பிளேஆஃப் தொடரின் ஐந்தாவது, கடைசி ஆட்டம் தொடங்கியது. ஒன்பது இன்னிங்ஸில் முடிய வேண்டியது பதினைந்து வரை போனது, எங்கள் போலன்கோ அடித்த அடியில் 3-2 வெற்றி. ஐந்து மணி நேரம். வீட்டில் மதியச் சமையல் ஆகவில்லை, யாரும் கேட்கவும் இல்லை. பிறகு டொராண்டோவோடு அமெரிக்கன் லீக் இறுதித் தொடர், அதன் ஆறாவது ஆட்டம் நம் நாள்கணக்கில் அக்டோபர் 20 காலை, அதாவது தீபாவளியன்று. எண்ணெய் தேய்த்துக் குளித்துப் புதுச் சட்டை போட்டு, முறுக்குத் தட்டோடு உட்கார்ந்தால் 6-2 தோல்வி. உறவினர்கள் வந்து "ஏன் முகம் இப்படி இருக்கு" என்று கேட்டால் எங்கிருந்து ஆரம்பிப்பது? மறுநாள் செவ்வாய், வேலை நாள், ஏழாவது ஆட்டம், ஏழாவது இன்னிங்ஸில் டொராண்டோவின் ஸ்பிரிங்கர் மூன்று ஓட்ட ஹோம் ரன் (கிரிக்கெட் சிக்ஸர் மாதிரி எல்லைக்கு வெளியே அடிப்பது), 4-3 தோல்வி, முடிந்தது கதை. பந்தைப் பிடிக்கும் கேட்சராக இருந்துகொண்டே அந்தப் பருவத்தில் 60 ஹோம் ரன் அடித்த கால் ராலி இருந்தும், இறுதிப் போட்டியான உலகத் தொடருக்கு மரீனர்ஸ் போகவில்லை. முப்பது அணிகளில் இதுவரை உலகத் தொடர் ஆடாத ஒரே அணி எங்களுடையதுதான், இதை நான் பெருமையாகச் சொல்லவில்லை.

காசு கட்டத் தயங்குபவர்களுக்கு: பருவத்தில் செயலியிலேயே அன்றாடம் ஓர் ஆட்டத்தை இலவசமாகத் திறந்துவிடும் வழக்கம் உண்டு, நம் அணி வருவது அதிர்ஷ்டம். பந்துக்குப் பந்து எழுத்தில் காட்டும் கேம்டே பக்கத்துக்குக் காசே கிடையாது, கூட்டத்தில் உட்கார்ந்துகொண்டு மேசைக்கு அடியில் பார்க்க அதைவிட நல்லது இல்லை. சிறப்புத் துணுக்குகள் யூடியூபில் அன்றே வந்துவிடும். இத்தனையும் வைத்துக்கொண்டு ஒரு மாதம் ஓட்டிப் பாருங்கள். பிடித்துப்போனால் மாதச் சந்தா எடுங்கள், அதையும் ஏப்ரலில் எடுக்க வேண்டியதில்லை, செப்டம்பர் நடுவில் எடுத்து பருவம் முடிந்ததும் நிறுத்தினால் பிளேஆஃப் இடத்துக்கான அடிதடி, பிளேஆஃப், உலகத் தொடர் மூன்றும் கிடைத்துவிடும், பெரும்பாலும் நம் காலை நேரத்தில்.