அமெரிக்க உள்நாட்டுப் போர் ஏன் மூண்டது? வரலாற்றாசிரியர்களின் நான்கு விடைகள்

1861 ஏப்ரல் 12 அன்று சார்ல்ஸ்டன் துறைமுகத்தின் சம்டர் கோட்டைமீது விழுந்த பீரங்கிக் குண்டுகளோடு தொடங்கிய அமெரிக்க உள்நாட்டுப் போர் நான்கு ஆண்டுகள் நீடித்தது. உயிரிழந்தோர் 6,20,000 பேர் என்று நெடுங்காலம் சொல்லப்பட்டு வந்தது. மக்கள்தொகைக் கணக்கெடுப்புகளை ஒப்பிட்டு 2011இல் வெளியான ஆய்வு அந்த எண்ணிக்கையை ஏறத்தாழ 7,50,000 ஆக உயர்த்தியது. இதற்கான காரணத்தை விளக்கும் வாதங்களை எடைபோடுமுன் இரண்டு கேள்விகளைப் பிரித்துக்கொள்ள வேண்டும். தென் மாநிலங்கள் ஏன் பிரிந்து சென்றன என்பது ஒன்று; அவ்வாறு பிரிவதை வடக்கு ஏன் ஆயுதம் ஏந்தித் தடுத்தது என்பது மற்றொன்று. ஒன்றுக்குரிய சான்றை மற்றொன்றுக்கு விடையாகக் காட்டுவதால்தான் இந்த விவாதத்தில் பாதிக் குழப்பம் நேர்கிறது.

மாநில உரிமைக்காகவே தெற்கு போராடியது என்ற விளக்கம், தோற்ற தரப்பின் தலைவர்கள் போர் முடிந்தபின் எழுதி நிலைநாட்ட முயன்றது. பிரிந்துபோன மாநிலங்கள் சேர்ந்து அமைத்த தென் கூட்டமைப்பின் துணைத் தலைவர் அலெக்சாண்டர் ஸ்டீபன்ஸ், 1861 மார்ச் 21 அன்று சவானா நகரில் பேசியபோது, கருப்பினத்தவர் வெள்ளையருக்குச் சமமானவர் அல்லர் என்பதே புதிய அரசின் மூலைக்கல் என்று வெளிப்படையாகவே அறிவித்தார். தோல்விக்குப் பிறகு அவரே, அரசியலமைப்பின் பொருள் குறித்த கருத்து வேறுபாடுதான் போருக்குக் காரணம் என்று பெரிய நூல் எழுதினார். போருக்கு முன் சொன்னதையும் பின் சொன்னதையும் அருகருகே வைத்துப் பார்ப்பவருக்கு எதை நம்புவது என்பதில் ஐயம் இருக்காது.

இதைவிட வலுவான சான்று, 1860 டிசம்பரில் தென் கரோலினா வெளியிட்ட பிரிவினைக் காரண அறிக்கையில் இருக்கிறது. மாநிலங்கள் தாமாக விரும்பிச் செய்துகொண்ட ஒப்பந்தமே ஒன்றியம் என்ற சட்டவாதத்தோடு அது தொடங்குகிறது என்பது உண்மையே. ஆனால் குற்றச்சாட்டுப் பகுதிக்கு வந்ததும், தப்பியோடிய அடிமைகளைத் திருப்பி ஒப்படைக்க வட மாநிலங்கள் மறுக்கின்றன, அதற்கு முட்டுக்கட்டையாகச் சட்டங்களையும் இயற்றுகின்றன, அடிமைகளை அழைத்துக்கொண்டு தன் எல்லை வழியே கடந்து செல்லும் உரிமையையும் நியூயார்க் மறுக்கிறது என்று அடுக்குகிறது. அதாவது, வட மாநிலங்கள் தங்கள் உரிமையைப் பயன்படுத்தியதே தெற்கின் மனக்குறை! தென் கூட்டமைப்பின் அரசியலமைப்பும், அடிமைகள்மீதான சொத்துரிமையைப் பறிக்கும் சட்டம் எதையும் தன் நாடாளுமன்றமான காங்கிரஸ் இயற்றக்கூடாது என்று விதித்தது. பிரிந்து செல்வதற்கான வழியை மாநில உரிமை என்ற கோட்பாடு காட்டியது. செல்ல வேண்டும் என்ற உந்துதல் அதிலிருந்து வரவில்லை. இருந்தும் அவ்விளக்கம் இருபதாம் நூற்றாண்டில் நெடுங்காலம் தெற்கின் பாடநூல்களில் நீடித்ததற்கு, 1894இல் உருவான தென் கூட்டமைப்பு மகளிர் சங்கம் போன்ற அமைப்புகளின் விடாமுயற்சி முக்கியமான காரணம்.

1920களில் சார்லஸ் பியர்டும் மேரி பியர்டும் முன்வைத்த பொருளாதார விளக்கம் இதைவிடத் தரமானது. வடக்கின் தொழில் முதலாளிகளும் மேற்கின் உழவர்களும் சேர்ந்து தெற்கின் தோட்ட முதலாளிகளை அதிகாரத்திலிருந்து இறக்கிய இரண்டாம் அமெரிக்கப் புரட்சியே இந்தப் போர் என்றார்கள் அவர்கள். இறக்குமதித் தீர்வையை இதன் மையமாகக் காட்டுவோர் காலவரிசையில் சறுக்குகிறார்கள். 1857ஆம் ஆண்டுச் சட்டம் தீர்வையைக் கணிசமாகக் குறைத்திருந்தது. அதை மீண்டும் உயர்த்திய மாரில் சட்டம் நிறைவேறியது 1861 மார்ச்சில், ஏழு மாநிலங்கள் பிரிந்துபோன பிறகு. மேலும், தெற்கின் பருத்தியை நம்பியிருந்த நியூயார்க் வணிகர்களும் மாசசூசெட்ஸ் ஆலை முதலாளிகளும் மோதலைவிடச் சமரசத்தையே பெரிதும் விரும்பினார்கள். ஆயினும் பணம் எங்கே இருந்தது என்று பார்க்கச் சொன்னது பயனுள்ள அறிவுரை. 1860இல் ஏறத்தாழ 40 லட்சம் அடிமைகளின் சந்தை மதிப்பு 300 கோடி டாலரைத் தாண்டியிருந்தது; நாட்டின் ஏற்றுமதியில் பாதிக்கு மேல் பருத்தி. பொருளாதார விளக்கத்தை அதன் போக்கிலேயே விட்டால் அடிமைமுறையின் வாசலில்தான் போய் நிற்கும்.

முதல் உலகப் போர் தந்த கசப்பிலிருந்து எழுந்தது மூன்றாவது விளக்கம். ஜேம்ஸ் ராண்டல், ஏவரி கிராவன் ஆகியோர், தவிர்த்திருக்கக்கூடிய போரைத் தடுமாறிய ஒரு தலைமுறை அரசியல்வாதிகளும் இரு தரப்புத் தீவிரவாதிகளும் இழுத்துவிட்டார்கள் என்று வாதிட்டார்கள். அடிமைமுறை தானாகவே தேய்ந்து மறைந்திருக்கும் என்பது இந்தத் தரப்புக்கு ஆதாரமாக அமைந்த எண்ணம். அதன் அடித்தளத்தை 1958இல் கான்ராட், மேயர் என்ற இரு பொருளியலாளர்கள் தகர்த்தார்கள்: அடிமை உழைப்பு தோட்ட முதலாளிக்கு நல்ல இலாபம் தந்துகொண்டிருந்தது. சமரசத்துக்கு வாய்ப்பே தரப்படவில்லை என்று சொல்வதற்கும் இடமில்லை. மாநிலங்களுக்குள் இருக்கும் அடிமைமுறையில் கூட்டாட்சி என்றென்றைக்கும் கைவைக்காது என்று உறுதியளிக்கும் அரசியலமைப்புத் திருத்தத்தை 1861 மார்ச்சில் அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸ் நிறைவேற்றியது. பிரிந்த ஏழு மாநிலங்களில் ஒன்றுகூடத் திரும்பி வரவில்லை.

இருப்பினும் இந்த மூன்றாவது விளக்கத்தை முழுவதும் ஒதுக்க எனக்கு மனமில்லை. அடிமைமுறை குடியரசு பிறந்த நாள் முதலே இருந்ததென்றால், முறிவு 1860இல் ஏன் நேர்ந்தது? அதுவரை இரு பெரிய கட்சிகளில் ஒன்றாக இருந்த விக் கட்சி கலைந்தது, ஜனநாயகக் கட்சி வடக்கு, தெற்கு என இரண்டாகப் பிளந்தது, 40 விழுக்காட்டைத் தொடாத வாக்குகளோடு லிங்கன் குடியரசுத் தலைவரானார். இவற்றை விளக்கக் கட்சி அரசியலின் வரலாறு வேண்டும். 1970களில் மைக்கேல் ஹோல்ட் அந்த இழையைப் புலம்பல் இல்லாமல் எடுத்து வளர்த்தார்.

இன்று பெரும்பாலான ஆய்வாளர்கள் ஏற்பது அடிமைமுறையை மையத்தில் வைக்கும் நான்காவது விளக்கத்தை. 1890களிலேயே ஜேம்ஸ் ஃபோர்டு ரோட்ஸ் கூறியதுதான். 1950களில் குடியுரிமை இயக்கம் எழுந்த சூழலில் கென்னத் ஸ்டாம்ப் போன்றோர் அதற்குப் புது வலு சேர்த்தனர். பிரிவினை பற்றிய கேள்விக்கு இதைவிடச் சிறந்த விடை இல்லை. இடறுவது வடக்கைப் பற்றிய கேள்வியில். ஒன்றியத்தைக் காப்பதே தன் நோக்கம் என்று லிங்கன் 1862 ஆகஸ்டிலும் எழுதினார். கென்டக்கி, மிசௌரி, மேரிலாந்து, டெலவேர் என நான்கு அடிமை மாநிலங்கள் அவர் பக்கமே நின்றன. அப்படியிருக்க, ஒன்றியத்துக்கான போர் விடுதலைக்கான போராக எப்படி மாறியது?

இதற்கு 1935இல் கருப்பின வரலாற்றாசிரியர் டு பாய்ஸ் தந்த விடை, அடிமைகளையே வரலாற்றை நகர்த்தியவர்களாகக் காட்டுகிறது. தோட்டங்களைக் கைவிட்டு வடக்குப் படைகளை நோக்கி அவர்கள் நடந்ததை அவர் பொது வேலைநிறுத்தம் என்றே அழைத்தார். 1861 மே 23 இரவில், தென் படைக்குப் பீரங்கி மேடை கட்ட அனுப்பப்பட்டிருந்த மூன்று அடிமைகள் படகேறி வர்ஜீனியாவின் மன்றோ கோட்டையில் தஞ்சம் புகுந்தார்கள். மறுநாள் அவர்களுடைய முதலாளியின் சார்பில் வந்த அதிகாரி, தப்பியோடியோரை ஒப்படைக்கும் சட்டத்தைச் சுட்டிக்காட்டினார். கோட்டைத் தளபதி பென்ஜமின் பட்லர் தொழிலால் வழக்கறிஞர். வர்ஜீனியா தன்னை வேறு நாடு என்று அறிவித்துக்கொண்ட பிறகு அமெரிக்கச் சட்டம் அதற்கு எப்படிப் பொருந்தும் என்று கேட்டு, அந்த மூவரையும் எதிரியின் போர்ச்சரக்கு என்று வகைப்படுத்தித் தன்னிடமே வைத்துக்கொண்டார். செய்தி பரவியதும் குடும்பம் குடும்பமாக மக்கள் அங்கே வந்து சேர்ந்தார்கள். ஆகஸ்டிலேயே காங்கிரஸ் இந்த நடைமுறையைச் சட்டமாக்கியது. 1863 ஜனவரி 1 விடுதலைப் பிரகடனத்துக்குப் பின் ஏறத்தாழ 1,80,000 கருப்பினத்தவர் ஒன்றியப் படையில் பணியாற்றினார்கள். வடக்கின் நோக்கம் போரின் நடுவே மாறியதை, வெள்ளை மாளிகையை மட்டுமே பார்க்கும் மற்ற விளக்கங்களைவிட இது நன்றாக விளக்குகிறது. அமெரிக்க வரலாற்றுச் சங்கத்தின் ஆய்விதழ் அன்று டு பாய்ஸின் நூலுக்கு மதிப்புரைகூட வெளியிடவில்லை.