போட்டோ அஃபினிட்டி: அசைடா, பென்சோபீனோனா, டயசிரினா?

'போட்டோ அஃபினிட்டி லேபிளிங்' என்ற சொல்லை முதன்முறை கேட்பவர்கள் பெரும்பாலும் ஒரே இடத்தில்தான் வழுக்குகிறார்கள். போட்டோ என்றால் ஒளி, அஃபினிட்டி என்றால் நாட்டம், ஆக ஒளியின் மேல் நாட்டம் என்று கூட்டிப் பொருள் கொள்கிறார்கள். ஜன்னல் பக்கம் வளையும் செடி ஞாபகத்துக்கு வருகிறது. எம்.எஸ்சி. படிக்கும்போது நானும் அப்படித்தான் நினைத்திருந்தேன்.

உண்மையில் நாட்டம் இருட்டிலேயே நடந்து முடிந்துவிடுகிறது. மருந்து மூலக்கூறு தனக்குரிய புரதத்தின் பள்ளத்தில் போய் உட்கார வெளிச்சம் தேவையே இல்லை. உட்கார்ந்த மாதிரியே எழுந்து போகவும் செய்யும் என்பதுதான் சிக்கல். எந்தப் புரதத்தில் உட்கார்ந்தது என்று பார்க்கச் செல்லை உடைத்து, புரதத்தைக் கொதிக்கவைத்து, அளவுவாரியாகப் பிரிக்கும் ஜெல்லில் ஓட்டும்போது அந்த உறவில் ஒன்றும் மிஞ்சாது. ஒளியின் வேலை, உட்கார்ந்திருக்கும் நேரத்தில் அதை எழ முடியாதபடி சகப்பிணைப்பால் இறுக்கிவிடுவது. அதற்காக மருந்தில் கோக்கும், ஒளி பட்டால் வினைபுரியும் சிறு தொகுதியை ஒளிக்கூறு என்று வைத்துக்கொள்வோம். தலைப்பில் உள்ள மூன்றும் அந்த வகை. வெல்டிங் பட்டறையில் பார்த்திருப்பீர்கள். இரண்டு இரும்புத் துண்டுகளைப் பொருத்தி வைத்துக்கொண்ட பிறகுதான் பொறி பறக்கும். எந்தத் துண்டோடு எதைச் சேர்ப்பது என்று பொறி முடிவு செய்வதில்லை.

இந்த ஒரு விஷயம் பிடிபட்டால் பக்கத்துச் சொற்களையும் பிரித்துவிடலாம். ஒளியால் புரதத்தில் எதையாவது ஒட்டவைத்தால் அது போட்டோ லேபிளிங். இரண்டு பெரிய மூலக்கூறுகளை ஒளியால் ஒன்றோடொன்று கட்டினால் போட்டோ கிராஸ்லிங்க்கிங். போட்டோ அஃபினிட்டி என்று சொல்ல வேண்டுமானால், ஒட்டிய இடம் நாட்டத்தால் வந்த இடம்தான் என்று காட்டியாக வேண்டும். அதற்குப் போட்டிச் சோதனை உண்டு. ஒளிக்கூறு சேர்க்காத அசல் மருந்தை நிறையக் கொட்டி, பிறகு விளக்கைப் போடுகிறோம். பள்ளத்தை அசல் மருந்து அடைத்துக்கொண்டால் ஜெல்லில் குறி விழுந்த புரதத்தின் பட்டை மறைய வேண்டும். மறையாமல் நின்றால் அது சும்மா ஒட்டியது. ஆய்வுக் கட்டுரைகளில் இந்தச் சோதனை இல்லாமலேயே தலைப்பில் 'போட்டோ அஃபினிட்டி' என்று போட்டிருப்பதைப் பார்த்தால் எனக்குக் கொஞ்சம் எரிச்சல் வரும்.

சொல்லின் வரலாறும் இதையே காட்டுகிறது. 1962-ல் ஹார்வர்டில் ஃபிராங்க் வெஸ்ட்ஹைமரின் குழு கைமோட்ரிப்சின் என்ற என்சைமில் டயசோஅசிடைல் என்ற ஒளிக்கூறைப் பொருத்தி ஒளி பாய்ச்சியது. ஒளியால் குறியிடும் யோசனை அங்கேதான் தொடங்குகிறது. ஆனால் அந்தத் தொகுதி ஒளிக்கு முன்பே என்சைமோடு சகப்பிணைப்பில் இருந்தது. சும்மா வந்து உட்காரும் மூலக்கூறை ஒளியால் இறுக்கும் வேலையை 1969-ல் ஜெரமி நோல்ஸும் ராட்னி போர்ட்டரும் தங்கள் குழுவோடு ஆன்டிபாடிகளை வைத்துச் செய்தார்கள். ஆன்டிபாடியின் அமைப்பைக் கண்டதற்காக 1972-ல் நோபல் வாங்கிய அதே போர்ட்டர்தான். அவர்கள் எடுத்துக்கொண்ட ஒளிக்கூறு அரைல் அசைடு. நம் மூன்று போட்டியாளர்களில் மூத்தது அது.

மூத்ததிலிருந்தே தொடங்கலாம். பென்சீன் வளையத்தில் மூன்று நைட்ரஜன் வரிசையாக ஒட்டியிருந்தால் அது அரைல் அசைடு. தயாரிக்கச் சுலபம், மலிவு. ஒளி பட்டதும் நைட்ரஜன் வாயு கழன்று போய், வினைக்குத் துடிக்கும் நைட்ரீன் மிஞ்சும். கிடைத்ததைப் பிடித்துக்கொள்ளும் என்றுதான் அதற்குப் பெயர். சாதாரண ஃபீனைல் நைட்ரீன் அந்தப் பெயரைக் காப்பாற்றுவதில்லை. கண்ணிமைக்கும் நேரத்துக்கும் முன்பே விரிந்து ஏழு அணு வளையமாக மாறிவிடுகிறது. அந்த வளையம் லைசின் என்ற அமினோ அமிலம் மாதிரி எலக்ட்ரான் தரக்கூடிய கை எங்கே இருக்கிறது என்று பார்த்துப் போய்ப் பிடிக்கும். பள்ளத்தில் அப்படி ஒரு கை இல்லாவிட்டால் வெளியே வந்து தேடும். இருட்டில் வந்த நாட்டம் ஒரு இடத்தைக் காட்ட, ஒளியில் வந்த பிணைப்பு வேறு இடத்தைக் காட்டும்.

இன்னொரு தொல்லை, எளிய அசைடுகள் 300 நானோமீட்டருக்குக் கீழேதான் ஒளியை நன்றாக உறிஞ்சும். புரதத்தில் உள்ள டிரிப்டோபான் என்ற அமினோ அமிலமும் 280-ஐ ஒட்டி அதே ஒளியைக் குடிக்கிறது. குறி விழுவதற்குள் புரதமே அடிபட்டுவிடலாம். வளையத்தில் நைட்ரோ தொகுதி சேர்த்தால் அலைநீளம் பாதுகாப்பான பக்கம் நகரும், ஃபுளோரின்களைச் சேர்த்தால் வளையம் விரிவது மட்டுப்படும். இரண்டுமே நல்ல ஒட்டுவேலைகள்.

அசைடு என் காலை வாரியது வேறு இடத்தில். பரிசோதனை எல்லாம் சரியாகச் செய்தும் ஜெல்லில் ஒன்றுமே தெரியவில்லை. விளக்கை மாற்றினேன், நேரத்தைக் கூட்டினேன், புதுப் புரதம் எடுத்தேன். பதினைந்து நாள் ஓடியது. கடைசியில் பார்த்தால் புரதம் கெடாமல் இருக்கட்டும் என்று பஃபர் கரைசலில் வழக்கமாகச் சேர்க்கும் டைதயோத்ரைட்டால் உள்ளே இருந்தது. அது தயோல் வகை, தயோல் அசைடை ஒடுக்கி அமீனாக்கிவிடும். விளக்கைப் போடுவதற்கு முன்பே என் ஒளிக்கூறு செத்துப்போயிருந்தது. நோல்ஸின் குழு 1978-லேயே இதை எழுதி எச்சரித்திருக்கிறது. படித்திருந்தால் பதினைந்து நாள் மிச்சமாகியிருக்கும்.

அசைடு இன்றும் உயிரோடு இருக்கும் இடம் நியூக்ளியோடைடுகள். 1974-ல் போய்ட் ஹேலியும் ஜோசப் ஹாஃப்மனும் சிவப்பணுச் சவ்வில் பயன்படுத்திய 8-அசைடோ ஏ.டி.பி. (செல்லுக்கு ஆற்றல் தரும் ஏ.டி.பி. என்ற நியூக்ளியோடைடில் அசைடு மாட்டியது) இன்னும் புழக்கத்தில் உண்டு. அதிலும் ஒரு கொக்கி இருக்கிறது. ஏ.டி.பி.யின் அடினைன் வளையத்தில் எட்டாவது இடத்தில் பருமனாக ஒன்று வந்ததும் அது சர்க்கரையைச் சுற்றிப் புரண்டு மறுபக்கம் திரும்பப் பார்க்கும். அசல் ஏ.டி.பி. உட்கார்கிற தோரணை அதுவல்ல. சில என்சைம்கள் பொறுத்துக்கொள்ளும், சில கதவைச் சாத்திவிடும்.

பென்சோபீனோன் முற்றிலும் வேறு சுபாவம். 1973-ல் கலார்டி, கிரெய்க், பிரின்ட்ஸ் மூவரும் இதை உயிர்வேதியியலுக்குக் கொண்டுவந்தார்கள். அச்சுத் தொழிலில் இருப்பவர்களுக்கு இந்தப் பெயர் புதிதல்ல. புற ஊதா ஒளியில் உலரும் மையிலும் வார்னிஷிலும் வினையைத் தூண்ட இதைச் சேர்த்து வந்தார்கள். 350 முதல் 365 நானோமீட்டர் ஒளியில் இது கிளர்ந்தெழும், புரதத்துக்கு அது பெரிய கெடுதல் இல்லை. எழுந்தபின் பக்கத்தில் உள்ள கார்பன்-ஹைட்ரஜன் பிணைப்பிலிருந்து ஹைட்ரஜனைப் பறித்து, அந்தக் கார்பனோடு தானே பிணைந்துகொள்ளும். சரி, பக்கத்தில் தோதான பிணைப்பு இல்லை என்றால்? எதுவும் உடையாமல் பழைய நிலைக்குத் திரும்பும். அடுத்த ஒளித்துகள் வந்ததும் மறுபடி எழும். தண்ணீரோடு சேர்ந்து வீணாவதில்லை. டியூப்லைட் வெளிச்சத்தில் தைரியமாகக் கையாளலாம். ஒரே வாய்ப்போடு தீர்ந்துபோகிற ஆள் இல்லை என்பதால் குறியிடும் விளைச்சல் மூன்றிலும் இதற்குத்தான் பெரும்பாலும் நன்றாக வரும்.

இதன் பெருமைக்கு ஒரு சான்று. அல்சைமர் நோயில் மூளையில் படியும் அமைலாய்டு பீட்டாவை வெட்டி வெளியே விடும் என்சைம் காமா செக்ரெட்டேஸ். அந்தக் கத்தரிக்கோல் எந்தப் புரதம் என்பதில் தொண்ணூறுகளின் கடைசியில் பெரிய இழுபறி. பிரெசெனிலின் என்ற புரதத்தின் மேல் சந்தேகம் இருந்தது, ஆனால் அதுவே வெட்டுகிறதா, வெட்டுபவருக்குக் கைகொடுக்கிறதா என்று உறுதியாகச் சொல்ல முடியவில்லை. மெர்க் நிறுவன ஆய்வாளர்கள், என்சைமின் வெட்டும் இடத்தில் போய் அடைத்துக்கொள்ளும் தடுப்பானில் பென்சோபீனோனைக் கோத்து, செல் சவ்வுகளோடு கலந்து ஒளி பாய்ச்சினார்கள். குறி பிரெசெனிலின் துண்டுகளில் விழுந்தது. 2000-ல் வெளிவந்த அந்த முடிவு விவாதத்தைத் திருப்பிப்போட்ட சான்றுகளில் ஒன்று. தடுப்பான் போய் உட்கார்வது வெட்டும் இடத்தில்தான் என்பது முன்பே தெரியும், அந்த நாட்டத்தின் முகவரியை ஒளி எழுதிக் கொடுத்தது.

குறை, உடம்பு. பென்சோபீனோனின் மூலக்கூறு எடை 182. ஆஸ்பிரினின் எடை 180. ஆஸ்பிரின் அளவுள்ள ஒரு மருந்தில் இதைக் கட்டினால், மணமகனைவிடப் பெரிய தோழனை அதே நாற்காலியில் உட்காரவைத்த கதை. நாட்டமே குலைந்தபின் ஒளி எதை இறுக்குவது? அந்தத் தடுப்பானும் பெப்டைடு (அமினோ அமிலச் சங்கிலி) சாயலில் பெரியதாக இருந்ததால்தான் தாங்கியது. நீளமான பெப்டைடுகளுக்கு இன்றும் என் முதல் சிபாரிசு இதுவே. பென்சோபீனோன் தாங்கிய ஃபீனைல்அலனின் என்ற அமினோ அமிலம் கடையில் கிடைக்கிறது. 2002-ல் இருந்து அதை பாக்டீரியாவின் மரபுக் குறியீட்டிலேயே நுழைத்து, புரதத்தில் வேண்டிய இடத்தில் வைக்கவும் முடிகிறது. மெத்தியோனைன் என்ற அமினோ அமிலம் அருகில் இருந்தால் அந்தப் பக்கம் சாயும் பழக்கம் இதற்கு உண்டு, குறி விழுந்த இடத்தைப் படிக்கும்போது அதை மறக்கக் கூடாது. அப்புறம், அரைமணி முதல் ஒரு மணி நேரம் விளக்கடியில் வைக்க வேண்டும். உயிருள்ள செல்லுக்கு அது நீண்ட நேரம்.

மூன்றாவது டயசிரின். ஒரு கார்பன், இரண்டு நைட்ரஜன், மூன்றும் சேர்ந்த முக்கோணம், அவ்வளவுதான். எடை 40. மருந்தில் ஏற்கெனவே உள்ள ஒரு மெத்திலீனை (CH₂) எடுத்துவிட்டு அதே இடத்தில் இதை வைத்தால் கூடுவது வெறும் 26. நாட்டத்தைக் கலைக்காத ஒளிக்கூறு வேண்டும் என்றால் இதைவிடப் பொருத்தமாக ஒன்று கிடைப்பது கஷ்டம். அரைல் டயசிரினை 1973-ல் ஸ்மித்தும் நோல்ஸும் கொண்டுவந்தார்கள் (மறுபடியும் நோல்ஸ்!). 1980-ல் ஸ்விட்சர்லாந்தில் ஜோசப் பிரன்னரின் குழு டிரைஃபுளோரோமெத்தில் சேர்த்து அதை உறுதியாக்கியது. 2005-ல் டிரெஸ்டனில் உள்ள மேக்ஸ் பிளாங்க் நிறுவனத்தில் லியூசின், மெத்தியோனைன் ஆகிய இரண்டு அமினோ அமிலங்களிலும் இந்த முக்கோணத்தைச் செருகினார்கள். செல்லின் புரதம் கட்டும் இயந்திரம் வித்தியாசம் தெரியாமல் அதை எடுத்துப் புரதத்தில் வைத்துக் கட்டிவிட்டது. பென்சோபீனோனை அப்படிச் சத்தமில்லாமல் உள்ளே அனுப்ப முடியாது, மரபுக் குறியீட்டிலேயே தனிவழி போட வேண்டும்.

350-ஐ ஒட்டிய ஒளி பட்டதும் நைட்ரஜன் கழன்று, நைட்ரீன் மாதிரியே துடிப்பான கார்பீன் பிறக்கும். அது நானோ விநாடிகளில் எதிரில் இருப்பதைப் பிடிக்கும். எதிரில் தண்ணீர் இருந்தால் தண்ணீரைத்தான் பிடிக்கும். ஆகவே விளைச்சல் குறைவு, இரண்டாவது வாய்ப்பும் இல்லை. ஆனால் சில நிமிடங்களில் வேலை முடியும். ஐஸ் தட்டில் செல் தகடுகளை மூடி திறந்து வரிசையாக வைத்து, 365 விளக்கைக் கவிழ்த்து, ஐந்து நிமிடம் கழித்து எடுக்கும்போது செல்கள் இன்னும் தட்டில் ஒட்டிக்கொண்டு நல்லபடியாக இருக்கும். பென்சோபீனோனில் ஒரு மணி நேரம் கழித்து எடுத்த செல்களோடு பக்கத்தில் வைத்துப் பார்த்தால் வித்தியாசம் மைக்ரோஸ்கோப்பிலேயே தெரியும்.

டயசிரினைப் புகழ்கிறவர்கள் சொல்லாமல் விடுவது ஒன்று உண்டு. எல்லா முக்கோணமும் நேரே கார்பீன் ஆவதில்லை. ஒரு பங்கு நீட்டி நிமிர்ந்து டயசோவாக மாறும். அது கார்பீனைவிட நெடுநேரம் வாழும், பள்ளத்தை விட்டு வெளியே நடக்கும், குளுட்டமிக், அஸ்பார்டிக் அமிலங்களின் கார்பாக்சில் கையைப் பிடிக்கும். அல்கைல் டயசிரின்களில் இந்தப் பழக்கம் அதிகம். ஏழு அணு வளையத்துக்காக அசைடைத் திட்டினோமே, அதே குற்றம் சிறிய அளவில் இங்கேயும் இருக்கிறது. போட்டிச் சோதனையில் பட்டை பாதிதான் மங்கினால் நான் முதலில் சந்தேகப்படுவது இதைத்தான்.

இன்னொரு நடைமுறைக் கணக்கு. குறி விழுந்த புரதத்தைப் பார்க்க இப்போது எல்லோரும் மருந்தில் ஓர் அல்கைன் (கார்பன்-கார்பன் முப்பிணைப்பு) வாலைச் சேர்த்து, பிறகு கிளிக் வினையில் ஒளிரும் சாயத்தை மாட்டுகிறார்கள். கிளிக் வினை அல்கைனும் அசைடும் சேர்வது. ஒளிக்கூறே அசைடாக இருந்தால் அது அல்கைனோடு தானே போய்க் கோத்துக்கொள்ளப் பார்க்கும். டயசிரினுக்கும் பென்சோபீனோனுக்கும் இந்தத் தகராறு இல்லை. சிங்கப்பூர் தேசியப் பல்கலைக்கழகத்தில் யாவோவின் குழு 2013-ல் டயசிரினையும் அல்கைனையும் ஒரு சிறு சங்கிலிக்குள்ளேயே அடக்கிக் காட்டியது. பலர் அசைடை விட்டு இந்தப் பக்கம் சாய்ந்ததற்கு அதுவும் ஒரு காரணம்.

2020-ல் பிரின்ஸ்டனில் டேவிட் மேக்மில்லனின் குழு வெளியிட்ட முறையையும் சிலர் போட்டோ அஃபினிட்டி என்கிறார்கள். அங்கே ஆன்டிபாடியில் ஓர் இரிடியம் வினையூக்கி இருக்கும். நீல ஒளியை அது வாங்கி, சுற்றி மிதக்கும் டயசிரினுக்குக் கைமாற்றும். நாட்டம் ஆன்டிபாடிக்கு, ஒட்டுவது டயசிரின். யார் யாரோடு நட்பு என்பதைவிட யார் யாருக்குப் பக்கத்து வீடு என்பதைத்தான் அது சொல்கிறது. அண்மைக் குறியிடல் என்பதே அதற்குப் பொருந்தும்.

பொருள் சரியாக விளங்க நான் மாணவர்களுக்குக் காட்டும் உதாரணம் இவை எதுவும் இல்லை, குளியல் பொடியில் அரைக்கிற கார்போக அரிசி. அதில் சோராலென் இருக்கிறது. தட்டையான அந்த மூலக்கூறு இருட்டில் டி.என்.ஏ. ஏணியின் படிகளுக்கு நடுவே நுழைந்து உட்காரும். அது நாட்டம். 320-க்கு மேற்பட்ட புற ஊதா ஒளி பட்டதும் தைமினோடு பிணையும். அது போட்டோ. தோல் மருத்துவர்கள் சோராலென் கொடுத்துவிட்டு ஒளிப்பெட்டிக்குள் நிற்கவைப்பது இதற்குத்தான். மருந்து முதலில், வெளிச்சம் பிறகு.

போன வாரம் ஒரு மாணவி சின்ன மருந்து மூலக்கூறு ஒன்றுக்கு எதைப் போடலாம் என்று கேட்டாள். அரைல் டயசிரின் போடு, பஃபரில் என்ன இருக்கிறது என்று பார், மூன்று குழாய் வை என்றேன். ஒன்றுக்கு ஒளி வேண்டாம், ஒன்றுக்கு ஒளி, ஒன்றுக்கு அசல் மருந்தும் ஒளியும். நேற்று ஜெல் படத்தை அனுப்பியிருந்தாள். நடுக்குழாயில் 50 கிலோடால்டன் பக்கம் ஒரு பட்டை பளிச்சென்று இருந்தது. மூன்றாவதில் அது இல்லை. படத்துக்குக் கீழே 'போட்டோ லேபிளிங்' என்று எழுதியிருந்தாள். அடித்துவிட்டு 'போட்டோ அஃபினிட்டி' என்று எழுதச் சொன்னேன்.