மூன்ஸ்டோனா, ஸ்டைல்ஸா?

ஆங்கிலேய நாட்டுப்புற மாளிகைத் துப்பறியும் கதைகளுக்குள் நுழைய இரண்டு வாசல்கள்: வில்கி காலின்ஸின் ‘தி மூன்ஸ்டோன்’ (1868), அகதா கிறிஸ்டியின் முதல் நாவலான ‘தி மிஸ்டீரியஸ் அஃபேர் அட் ஸ்டைல்ஸ்’ (1920).

கிறிஸ்டியின் கதையில் எசெக்ஸ் மாளிகை, ஸ்ட்ரிக்னின் நஞ்சு, மிதித்துத் தூளாக்கப்பட்ட காப்பிக் கோப்பை. முதல் உலகப் போரின்போது மருத்துவமனை மருந்தகத்தில் வேலை பார்த்தவர் அவர். நஞ்சைப் பற்றித் தெரிந்தே எழுதுகிறார். இரண்டு நாளில் படித்து முடித்துவிடலாம்.

காலின்ஸுக்குப் பொறுமை வேண்டும். 1799இல் ஸ்ரீரங்கப்பட்டணத்தில் கொள்ளையடித்த வைரம் யார்க்‌ஷயர் வீடொன்றில் காணாமல் போகிறது. கதவில் புதிதாகப் பூசிய வண்ணத்தில் ஒரு சிறு தீற்றல். உள்ளூர் போலீஸ் அதிகாரி அற்பம் என்று ஒதுக்கியதை, ரோஜாப் பித்தரான சார்ஜென்ட் கஃப் கெட்டியாகப் பிடித்துக்கொள்கிறார். அதில் உரசிய உடை யாருடையது? ஒவ்வொருவராகக் கதை சொல்லச் சொல்ல, அதே வீடு வேறு வேறாகத் தெரிகிறது. பணிப்பெண் ரோசன்னாவின் துயரம் புத்தகத்தை மூடிய பிறகும் என்னை விடவில்லை. ஸ்டைல்ஸில் யாருக்காகவும் நான் அப்படிக் கலங்கியதில்லை.

விடையைத் தாமே கண்டுபிடிக்கத் துடிப்பவர்கள் கிறிஸ்டியை எடுங்கள். எனக்குக் காலின்ஸ்தான்.