மணல் வண்டி அபராதம்: மொத்தமாகக் கட்டுவதா, தவணை வாங்குவதா, வழக்காடுவதா?

மணல் வண்டி பிடிபட்டு, கோட்டாட்சியர் அபராதம் போட்டு நோட்டீஸும் வந்துவிட்டால் மூன்று வழி இருக்கிறது. மொத்தமாகக் கட்டலாம், உயர் நீதிமன்றத்தில் ரிட் (அதிகாரியின் உத்தரவு தொடர்பாக நேராக உயர் நீதிமன்றத்தில் போடும் மனு) போட்டுத் தவணை வாங்கலாம், அபராதமே செல்லாது என்று வழக்காடலாம். கொள்ளிடக் கரையில் மச்சானின் டிப்பர் நடைச்சீட்டு (மணலை ஏற்றிச்செல்லும் அனுமதிச் சீட்டு) இல்லாமல் மாட்டியபோது ஃபைலைத் தூக்கிக்கொண்டு உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்கு அலைந்தவன் நான். நாங்கள் போனது தவணை வழி. இன்று யார் கேட்டாலும் அதைத்தான் சொல்வேன், ஒரு நிபந்தனையோடு.

மொத்தமாகக் கட்டுவது பற்றிச் சொல்ல அதிகமில்லை. கையில் பணமிருந்தால் வேகமான வழி. கந்துவட்டிக்கு வாங்கிக் கட்டினால் வட்டியே இன்னொரு அபராதமாகிவிடும். மத்திய அரசின் கனிமச் சட்டத்தின் 23ஏ பிரிவில் சமரசத் தொகை (வழக்குக்குப் போகாமல் முடித்துக்கொள்ளக் கட்டும் பணம்) கட்டினால் அந்தச் சட்டப்படியான நடவடிக்கை நின்றுபோகும். ஆனால் போலீஸ் போட்ட மணல் திருட்டு வழக்கு அதோடு முடிந்துவிடாது. ஜெயந்த் வழக்கில் 2020 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. தவணையில் கட்டினாலும் இதே நிலைதான்.

தவணை என்றதும் பலர் இரண்டு விஷயத்தைப் போட்டுக் குழப்புகிறார்கள். குற்றவியல் நீதிமன்றம் தண்டனையாக விதிக்கும் அபராதத்துக்குச் சட்டத்திலேயே தவணை உண்டு. பழைய குற்ற விசாரணை முறைச் சட்டத்தில் 424-ஆம் பிரிவு, 2024 ஜூலையில் வந்த புதிய சட்டத்தில் 464. இரண்டு அல்லது மூன்று தவணைதான், இடைவெளியும் 30 நாளைத் தாண்டக்கூடாது. கோட்டாட்சியர் போடும் அபராதம் வேறு கணக்கு. அதற்கு ரிட்டில் கேட்கும்போது எத்தனை தவணை என்பது நீதிபதி கையில். வண்டிக் கடன் டியூ, வீட்டு வருமானம் எல்லாவற்றையும் காகிதத்தோடு அபிடவிட்டில் (உறுதிமொழிப் பத்திரத்தில்) காட்டுங்கள். வெறுமனே 'ஏழை' என்று எழுதிப் பலனில்லை.

இனி அந்த நிபந்தனை. வண்டி முதல் தவணை கட்டியதும் வெளியே வருமா, கடைசித் தவணைக்குப் பிறகுதான் வருமா? உத்தரவில் இதற்கு ஒரு வரி இல்லாவிட்டால் தவணை வாங்கியும் வாங்காத மாதிரிதான். வண்டி ஓடினால்தான் அடுத்த தவணைக்குப் பணம் வரும். ஸ்டேஷன் வளாகத்தில் எங்கள் டிப்பர் வெயிலில் நின்ற கோலம் கண்ணிலேயே நிற்கிறது. டயர் பக்கவாட்டில் வெடிப்பு, கேபினுக்குள் வேப்பஞ்சருகு, ஹைட்ராலிக் ஹோஸ் தொட்டால் உதிர்ந்தது. பேட்டரி எங்கே என்று கேட்டால் பதில் சொல்ல ஆளில்லை. இதற்கு நடுவில் எஃப்.சி. (வண்டித் தகுதிச் சான்று) முடிந்தது, இன்சூரன்ஸ் முடிந்தது, ஃபைனான்ஸ் டியூ மட்டும் நிற்காமல் ஓடியது. மூன்று யூனிட் மணலுக்கான அபராதத்தைவிட இந்தச் செலவு பெரிது.

பிடித்த வண்டியை ஸ்டேஷனில் நீண்டகாலம் போட்டு வைக்கக்கூடாது என்று 2002-லேயே சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் மணல் வண்டி என்றால் அதை மட்டும் நம்பிப் போகாதீர்கள். 2018 அக்டோபரில் மதுரைக் கிளை இந்த வண்டிகளை விடுவதில் மிகக் கறாரான உத்தரவு போட்டது. கனிமச் சட்டத்தின் 21(4ஏ) பிரிவோ நீதிமன்றமே பறிமுதல் செய்ய வழிவிடுகிறது. அந்த நடவடிக்கை தொடங்கிவிட்டதா என்று வக்கீலிடம் முதலில் கேளுங்கள். தொடங்கியிருந்தால் வண்டிக்குத் தனி மனு வேண்டியிருக்கும், தவணை உத்தரவு மட்டும் அதை வெளியே கொண்டுவராது.

தவணையில் இன்னொரு ஆபத்து, ஒன்று தவறினாலும் பாக்கி முழுவதும் உடனே கட்டவேண்டும் என்று உத்தரவில் வரும் வாசகம். அதன்பின் கனிமச் சட்டத்தின் 25-ஆம் பிரிவின்படி நிலவரிப் பாக்கி போல வசூலுக்கு வருவார்கள், நிலம் ஜப்திக்குப் போகும். தேதியை நெல் பணம் கைக்கு வரும் மாதத்தோடு ஒட்டிக் கேட்டு வாங்குங்கள். கட்டிய சலான் நகலைக் கோட்டாட்சியர் அலுவலகத்தில் கொடுத்து முத்திரை வாங்கி வையுங்கள்.

வழக்காடுவது சீட்டு வைத்திருந்தவருக்குப் பொருந்தும். மச்சானைப் போலச் சீட்டே இல்லாதவருக்கு வக்கீல் ஃபீஸ்தான் மிச்சம். அந்த வழியில் போன ஒருவரைத்தான் எனக்குத் தெரியும், அதனால் அடித்துச் சொல்ல மாட்டேன். அவரிடம் சீட்டு இருந்தது, அதில் போட்ட நேரம்தான் தாண்டியிருந்தது. வழக்கு இன்னும் நடக்கிறது. இடையில் ஃபைனான்ஸ்காரர்கள் வண்டியைத் தங்களிடம் தரச்சொல்லி மனுப் போட்டுவிட்டார்கள்.