புளூகில்லா, பம்ப்கின்சீடா? செவுள் மடலைப் பாருங்கள்

அமெரிக்க ஏரிகளில் தூண்டில் போடுகிறவர்களை அதிகம் குழப்பும் மீன் ஜோடி இது. இரண்டும் சூரியமீன் குடும்பம், தட்டையான உடம்பு, சின்ன வாய். மண்புழுவைக் கோத்துப் போட்டால் இரண்டுமே கடிக்கும்.

நிறத்தை நம்பாதீர்கள், தண்ணீரையும் பருவத்தையும் பொறுத்து மாறும். செவுள் மூடியின் பின்முனையில் நீட்டிக்கொண்டிருக்கும் சிறு மடலைத்தான் பார்க்க வேண்டும். புளூகில்லுக்கு அது விளிம்பு வரை கறுப்பு. பம்ப்கின்சீடுக்குக் கறுப்பின் நுனியில் சிவப்பாகவோ ஆரஞ்சாகவோ ஒரு புள்ளி, பொட்டு வைத்த மாதிரி. புள்ளி மங்கலாக இருந்தால்? முதுகுத் துடுப்பை விரித்துப் பாருங்கள் (முன்பாதி முள், கவனம்). பின்கோடியில், அடிப்பக்கம் கருந்திட்டு இருந்தால் புளூகில். கன்னத்தில் நெளிநெளியாக நீலக் கோடுகள் ஓடினால் பம்ப்கின்சீட். அப்புறம், இரண்டும் கலந்து பிறந்த கலப்பினங்களும் உண்டு. அதில் அடையாளம் கலங்கித்தான் கிடக்கும்.

தீனியிலும் வேறுபாடு உண்டு. பம்ப்கின்சீட் தொண்டைப் பற்களால் நத்தை ஓட்டை நொறுக்கித் தின்னும். புளூகில்லுக்குப் பூச்சிகளும் மிதவை உயிரிகளும் போதும்.

அழகுக்கு என் ஓட்டு பம்ப்கின்சீடுக்கு. வறுவலுக்கு என்றால் புளூகில்தான், இன்னும் பெரிதாக வளரும். 1950இல் அலபாமாவில் பிடிபட்டது 4 பவுண்டு 12 அவுன்ஸ். ஆனால் வேறு நாட்டு நீரில் விட்டால் வம்பு: 1960இல் ஜப்பானுக்குப் பரிசாகப் போன புளூகில் அங்கே பெருகி, உள்ளூர் மீன்களுக்குத் தொல்லையாகிவிட்டது. அதைக் கொண்டுவந்த அன்றைய ஜப்பான் இளவரசர் அகிஹிட்டோ, பேரரசரான பின் 2007இல் வருத்தம் தெரிவித்தார்.