சப்பாத்திக்கள்ளிக்குப் புழுவா, பஞ்சுப்பூச்சியா?

பாலக்காட்டுக்குக் கிழக்கே, கொழிஞ்சாம்பாறை தாண்டி வடகரப்பதிப் பக்கம் மாமாவுக்கு ஒரு கடலைக்காடு இருக்கிறது. தெற்கு வேலி முழுக்கச் சப்பாத்திக்கள்ளி. வருசா வருசம் ஓரடி உள்ளே நகர்ந்து வருகிறது. "ஆஸ்திரேலியாவுல ஒரு அந்துப்பூச்சியை விட்டே கள்ளியை ஒழிச்சுப்போட்டாங்களாமா மாப்ளே, நமக்குக் கிடைக்குமா?" என்று போன வாரம் கேட்டார்.

கேட்டதில் தப்பில்லை. காக்டோபிளாஸ்டிஸ் என்ற அந்தப் பூச்சி 1925இல் அர்ஜென்டினாவிலிருந்து முட்டையாக ஆஸ்திரேலியா போனது. அப்போது அங்கே சுமார் 2.4 கோடி ஹெக்டேர் நிலம் கள்ளிக்காடு. 1930களின் தொடக்கத்திலேயே பெரும்பகுதி அழுகிச் சாய்ந்துவிட்டது. நன்றிக்காக குயின்ஸ்லாந்தின் பூனார்கா என்ற ஊரில் பூச்சியின் பெயரிலேயே ஒரு மண்டபம் கட்டினார்கள் என்றால் பாருங்கள்.

வேலை செய்யும் விதமும் கெட்டிக்காரத்தனம்தான். தாய்ப்பூச்சி முட்டைகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி வைக்கும். எழுபது எண்பது முட்டை சேர்ந்த அந்தக் குச்சி, பார்க்கக் கள்ளி முள் மாதிரியே இருக்கும். தனிப்புழு துளைத்தால் கள்ளியின் கொழகொழச் சாறு அமுக்கிவிடும். அதனால் எல்லாம் கூட்டமாக ஒரே ஓட்டை வழியாக உள்ளே இறங்கும். ஆரஞ்சு நிறம், கறுப்புப் பட்டை. மடல் உள்ளே காலியாகித் தோல் மட்டும் நிற்கும், மிச்சத்தை அழுகல் பார்த்துக்கொள்ளும்.

ஆனால் நம் பக்கத்துக் கள்ளியை அடக்கிய பூச்சி வேறு. மடலில் பஞ்சு ஒட்டினாற்போல வெள்ளையாக இருக்குமே, கொச்சினீல், அதுதான். 1795இல் கிழக்கிந்தியக் கம்பெனிக்காரர்கள் அதை நசுக்கிச் சிவப்புச் சாயம் எடுக்கலாமென்று பிரேசிலிலிருந்து கொண்டுவந்தார்கள். வந்தது தவறான இனம். சாயம் உருப்படவில்லை, ஒருவகைக் கள்ளிதான் ஒழிந்தது. நம் வேலியில் நிற்கும் முரட்டுக் கள்ளியை அது தொடவில்லை. அதற்கென்று இன்னொரு கொச்சினீல் 1926இல் இலங்கை வழியாக வந்தது.

வேகத்தில் புழுவுக்குத்தான் முதலிடம், மறுக்கவில்லை. கொச்சினீல் சாறை உறிஞ்சி மெதுவாக வாட்டும். பலத்த மழை அடித்தால் கழுவிக்கொண்டு போய்விடும். பாலக்காட்டின் மேற்கே அது ஒரு குறைதான். எங்கள் கிழக்கு வறட்சிக்கோ வசதி. தை, மாசியில் கணவாய்க் காற்று வீசும்போது குஞ்சுகள் தாமாகவே அடுத்த செடிக்குப் பறந்துபோய் ஒட்டும்.

புழுவிடம் எனக்குள்ள பயம், அது வேலியோடு நிற்காது என்பதுதான். 1957இல் கரீபியன் தீவான நெவிஸில் விட்டார்கள். 1989இல் ஃபுளோரிடாவில் தென்பட்டது. அங்கே இருப்பதோ அரிய நாட்டுக் கள்ளிகள். பிறகு மெக்சிகோவின் தீவுகள் வரை எட்டிப் பார்த்தது; கள்ளிமடலைக் கறியாகத் தின்னும் நாடு அது, பதறிப்போய் ஒழித்தார்கள். தீவனத்துக்கென முள்ளில்லாக் கள்ளி வளர்ப்பவருக்கு இரண்டுமே எதிரிதான். இருந்தாலும் கொச்சினீல் ஏற்கெனவே நம் ஊரில் குடியிருப்பது. அந்துப்பூச்சியை அனுமதியில்லாமல் வெளிநாட்டிலிருந்து வரவழைப்பது சட்டப்படி குற்றம் வேறு.

வெட்டிப் போடலாமே என்பார்கள். விழுந்த ஒவ்வொரு மடலும் வேர்விடும், அவ்வளவுதான் அந்தக் கதை.

ஞாயிற்றுக்கிழமை வேலியோரம் நடந்தபோது, மேற்கு மூலையில் நாலைந்து மடலில் வெள்ளை படிந்திருந்தது. நகத்தால் நசுக்கினேன், விரலெல்லாம் குங்குமச் சிவப்பு. மாமா கொடுவாளால் அந்த மடல்களை அறுத்து, நல்ல கள்ளியின் கவட்டையில் வாழைநாரால் கட்டி வைத்தார். கிணற்றடிப் புதரை மட்டும் தொட விடவில்லை அத்தை. "அதுல பழம் இருக்குது" என்று சொல்லிவிட்டு, ஒன்றைப் பறித்து மண்ணில் உருட்டி, சுணை போகத் தேய்த்து, பிட்டு, நடுவிலிருந்த நட்சத்திர முள்ளை எடுத்துவிட்டு நீட்டினார்.