மறுபடி பார்க்கத் தோன்றவைக்கும் கடைசி எபிசோடுகள்

பழைய அமெரிக்கக் குடும்ப சிட்காம்களை, அதாவது நகைச்சுவைத் தொடர்களை, கடைசிவரை பார்த்துவிட்டு மறுபடி முதல் எபிசோடுக்குப் போவது எனக்கு நெடுநாள் பழக்கம். இரவுச் சாப்பாட்டுக்கு அவைதான் துணை. இப்படிச் சுற்றிச் சுற்றிப் பார்ப்பதால், கடைசி எபிசோடிடம் நான் எதிர்பார்ப்பது ஒன்றுதான்: அடுத்த சுற்றைக் கெடுக்காமல் இருந்தால் போதும்.

அந்த வகையில் இன்றுவரை அலுக்காதது ‘எவ்ரிபடி லவ்ஸ் ரேமண்ட்’. 2005 மே மாதம், ஒன்பதாவது சீசனோடு முடித்தார்கள். வழக்கமான அரைமணி நேர எபிசோட்தான். நாயகன் ரேக்கு மூக்கின் பின்புறம் ஒரு சின்ன அறுவை சிகிச்சை. மயக்கம் தெளியவில்லை என்று நர்ஸ் வந்து சொல்கிறார். அரை நிமிடம்போல வீட்டார் பதறுகிறார்கள், உடனே டாக்டர் வந்து ஒன்றுமில்லை என்கிறார். அவ்வளவுதான் கதை. அந்த நேரத்தில் அம்மா மரீ அங்கே இல்லை. அவளிடம் சொல்லாமல் மறைக்கப் படாத பாடு படுவதில் மறுபடி சிரிப்பு வந்துவிடும். கடைசிக் காட்சியில் எல்லோரும் ஒரே சமையலறை மேசையில் நெருக்கியடித்துச் சாப்பிடுகிறார்கள். யாரும் ஊரை விட்டுப் போகவில்லை, யாரும் திருந்தவுமில்லை. அடுத்த நாளே முதல் எபிசோடைப் போட்டால் ஒட்டிக்கொள்கிறது.

நேர் எதிர் ‘ரோசான்’. எட்டு சீசன்கள் வாடகைக்கும் மின்கட்டணத்துக்கும் அல்லாடிய குடும்பத்துக்கு ஒன்பதாவதில் லாட்டரி விழுகிறது, 10.8 கோடி டாலர்! சரி, பொறுத்துக்கொள்வோம் என்று பார்த்தால், 1997 மே மாதக் கடைசி எபிசோடில் லாட்டரியே விழவில்லை, குடும்பத்தலைவி ரோசானின் கணவர் டான் மாரடைப்பில் இறந்துவிட்டார், நாம் பார்த்ததெல்லாம் அவள் எழுதிய கதை என்கிறார்கள். எந்த மகளுக்கு எந்த மாப்பிள்ளை என்பதுகூட மாறிவிடுகிறது. அது தெரிந்தபிறகு டான் அடிக்கும் ஜோக்குக்கு முழுசாகச் சிரிக்க முடியவில்லை. 2018-ல் தொடர் திரும்பி வந்தபோது டானை உயிரோடு எழுப்பி, அதையே கிண்டலும் செய்தார்கள். என் யோசனை: எட்டாவது சீசனோடு நிறுத்திக்கொள்ளுங்கள். அது ஒரு பெரிய சண்டையில்தான் முடியும், பரவாயில்லை.

‘ஹோம் இம்ப்ரூவ்மென்ட்’ முடிவு (1999) கதையாகச் சுமார்தான். ஆனால் எட்டு வருடம் வேலிக்குப் பின்னால் பாதி முகத்தை மறைத்தே பேசிய பக்கத்து வீட்டு வில்சன், கடைசியில் நடிகர்கள் எல்லோரும் வந்து பார்வையாளர்களை வணங்கும் நேரத்தில் கையில் ஒரு குட்டி வேலியோடு வந்து அதை இறக்கிக் காட்டுவார். அதற்காகவே பார்க்கலாம்.

முடிவே இல்லாமல் நின்றவையும் உண்டு. ‘மேரீட் வித் சில்ட்ரன்’ 11 சீசன்கள் ஓடியும் விடைபெற ஒரு எபிசோட் கிடைக்கவில்லை. பண்டி குடும்பத்துக்கு அதுவே பொருத்தம், அவர்களுக்கு எது ஒழுங்காக நடந்தது? ‘பிரேடி பன்ச்’ கதை வேறு. 1974-ல் வந்த கடைசி எபிசோடில், தம்பி விற்ற தைலத்தால் பட்டமளிப்பு விழா நேரத்தில் மூத்தவன் கிரெக்கின் முடி ஆரஞ்சு நிறமாகிவிடும். அப்பாவாக நடித்த ராபர்ட் ரீட் இந்தக் கதை அபத்தம் என்று நடிக்க மறுத்துவிட்டார். மகனின் விழாவில் அப்பா இல்லை!

குழந்தைகளோடு பார்ப்பவர்களுக்கு ஒன்று. பொம்மை வேடத்தில் வரும் ‘டைனோசார்ஸ்’ தொடரை நம்பி உட்காராதீர்கள். 1994-ல் வந்த முடிவில், அப்பா வேலை பார்க்கும் கம்பெனியின் பேராசையால் செடிகொடிகள் அழிந்து, சூரியன் மறைந்து, பனியுகம் வந்துவிடும். குடும்பம் வீட்டுக்குள் குளிரில் உட்கார்ந்திருக்கும். இதில் வேடிக்கை, ஒளிபரப்பாமல் வைத்திருந்த ஏழு எபிசோடுகள் அதற்கு அப்புறம் வெளிவந்தன. பனியுக எபிசோடைத் தள்ளிவிட்டு, குழந்தைகளுக்கு அவற்றைப் போட்டுக் காட்டலாம்.